மூளையில்லா உயிருக்குப் புதிர் வைத்துப் பார்ப்பது எப்படி: சளிப்பூஞ்சை வளர்ப்பும் மூன்று சோதனைகளும்

மூளையும் நரம்பு மண்டலமும் இல்லாத ஓர் உயிர், இரண்டு வழிகளில் குறுகியது எது என்று கண்டுகொள்கிறது. ஒருமுறை போய்வந்த இடத்தில் மறுபடி தேடுவதைத் தவிர்க்கிறது. தீங்கு செய்யாத தொல்லைக்கு நாளடைவில் பழகிப்போகிறது. ஃபைசாரம் பாலிசெபாலம் என்னும் மஞ்சள் நிறச் சளிப்பூஞ்சையிடம் ஆய்வாளர்கள் கண்ட இந்த மூன்று இயல்புகளையும் வீட்டிலோ பள்ளி ஆய்வகத்திலோ சோதித்துப் பார்க்கலாம். பணச் செலவு குறைவு. பொறுமையும் ஒழுங்கான குறிப்பேடும்தான் அதிகம் தேவை. வளர்ப்பு முறையைவிடச் சோதனையை அமைக்கும் முறையைப் பற்றியே இங்கு விரிவாக எழுதுகிறேன். ஏனெனில், "இல்லை" என்ற விடையும் வரக்கூடிய விதத்தில் கேள்வியை அமைக்காவிட்டால், தட்டில் தெரியும் எந்த மஞ்சள் கோட்டையும் அறிவின் அடையாளம் என்று எண்ணிவிடுவோம்.

முதலில் உயிரைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். சளிப்பூஞ்சை பூஞ்சை இனத்தைச் சேர்ந்ததன்று. அமீபாக்களுக்கு நெருங்கிய உறவு. நாம் வளர்க்கப்போகும் நிலைக்குப் பிளாஸ்மோடியம் என்று பெயர். உள்ளங்கை அளவுக்கும் அதற்கு மேலும் பரவினாலும் அது ஒரே செல்தான். ஏராளமான உட்கருக்கள், இடையில் சுவரே இல்லாமல், ஒரே சைட்டோபிளாசத்தில் மிதக்கின்றன, ஏறத்தாழ ஒரே நேரத்தில் பிரிகின்றன. முன்விளிம்பு விசிறிபோல் விரிந்து மெல்ல ஊர்ந்து செல்லும்; பின்பகுதியில் குழாய்கள் வலைப்பின்னலாக உருவாகும். கட்டளையிடும் மையம் எதுவும் இதில் கிடையாது.

உயிரைப் பெறுவதும் எழுப்புவதும்

இந்த உயிர் உணவும் ஈரமும் குறையும்போது ஸ்கிளரோஷியம் என்னும் காய்ந்த, ஆரஞ்சு நிறப் பொருக்காக மாறி உறங்கும். அந்த நிலையில் வடிதாளில் ஒட்டிய துண்டாக உறையில் வைத்து அனுப்ப முடியும் என்பதால், உயிரியல் ஆய்வகப் பொருள் விற்போரிடமிருந்தோ, இதை வளர்க்கும் கல்லூரித் துறையிலிருந்தோ பெறுவது எளிது. வெளிநாட்டிலிருந்து வரவழைக்க நினைப்பவர்கள், உயிரிகளை இறக்குமதி செய்வது பற்றித் தங்கள் நாட்டில் உள்ள விதிகளை முன்கூட்டியே பார்த்துக்கொள்ள வேண்டும். மழைக்காலத்தில் மட்கிய மரக்கட்டையிலும் இலைச் சருகிலும் பல வகைச் சளிப்பூஞ்சைகளைக் காணலாம். ஆனால் அவற்றில் பல தட்டில் வளர்க்கக் கடினமானவை. ஓட்ஸ் தின்று நிம்மதியாக வளர்வதில் ஃபைசாரம் பாலிசெபாலத்துக்கு நிகரில்லை என்பதால், முதல் முயற்சிக்கு அதுவே ஏற்றது.

வளர்தளத்துக்கு அகர் வேண்டும். ஆய்வக அகர் கிடைக்காவிட்டால், மளிகைக் கடையில் இனிப்புச் செய்வதற்காக விற்கும் சைனா கிராஸ் போதும், அதுவும் அகர்தான். 100 மி.லி. தண்ணீருக்கு 1.5 கிராம் அளவில் போட்டு, இழைகள் முற்றிலும் கரைந்து கரைசல் தெளியும் வரை காய்ச்சி, மூடியுள்ள பெட்ரி தட்டுகளிலோ தட்டையான பிளாஸ்டிக் டப்பாக்களிலோ அரை சென்டிமீட்டர் கனத்துக்கு ஊற்றி ஆறவிட வேண்டும். சர்க்கரை எதுவும் சேர்க்கக் கூடாது. சத்தில்லாத அகரில் பாக்டீரியாவும் பூசணமும் மெதுவாகவே பெருகும். தண்ணீரில் கவனம் தேவை. உப்பு இந்த உயிர் வெறுத்து ஒதுங்கும் பொருள்களில் ஒன்று. நம் ஊர்களில் பல இடங்களில் ஆழ்துளைக் கிணற்று நீர் உப்புக் கரிப்பதால், வாலை வடிநீரையோ வடிகட்டிய குடிநீரையோ பயன்படுத்துவது நல்லது. ஓட்ஸ் வாங்கும்போதும் உப்பும் மசாலாவும் கலக்காத, வெறும் அவல் வடிவ ஓட்ஸையே வாங்க வேண்டும்.

அகர் இறுகியபின் பொருக்குத் துண்டை நடுவில் வைத்து, அதன்மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டு, பக்கத்தில் ஓர் ஓட்ஸ் அவலை வைத்துத் தட்டை மூடி இருட்டில் வைக்க வேண்டும். சில மணி நேரத்திலிருந்து ஒரு நாளுக்குள் பொருக்கின் ஓரத்தில் மஞ்சள் கசிவு தெரியும். 20 முதல் 26 டிகிரி வரையுள்ள வெப்பம் இதற்கு இதம். சித்திரை, வைகாசி மாதங்களின் வெப்பம் இதைக் கொன்றுவிடக்கூடும். ஐப்பசி முதல் தை வரையிலான காலத்தில் தொடங்குவதே உத்தமம். வெயில் காலத்தில் வளர்த்தே ஆக வேண்டுமானால், ஈர மணல் நிரப்பிய மண்தொட்டிக்குள் டப்பாவை வைத்து, தொட்டியின்மேல் ஈரத்துணி போர்த்தலாம்.

நாளுக்கு ஓரிரு அவல் போதும்; அதிகம் போட்டால் தின்னாமல் விட்டவை பூசணம் பிடிக்கும். அப்படிப் பச்சைப் பூசணம் தோன்றினால் தட்டைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. சளிப்பூஞ்சை பூசணத்தைவிட வேகமாக நகர்வதால், தூய அகரின் மேல் முன்னேறிப் போயிருக்கும் விளிம்பை அகரோடு சேர்த்து வெட்டியெடுத்துப் புதிய தட்டில் வைத்தால், ஓரிரு மாற்றங்களில் வளர்ப்பு தூய்மையாகிவிடும். இது மனிதருக்கு நோய் தருவதாக அறியப்பட்ட உயிரன்று. ஆயினும் பூசண வித்துகள் சிலருக்கு ஒவ்வாமை தரும் என்பதால் கைகழுவுதல் கட்டாயம். சமையல் பாத்திரங்களையும் இதற்கெனத் தனியே ஒதுக்கிவிடுங்கள்.

சோதனைக்கு முன் ஒரு மாலை வேளை

புதிர் வைக்கும் ஆர்வத்தில் பலர் தவறவிடுவது இந்தக் கட்டத்தைத்தான். நன்றாகப் பரவிய தட்டைச் சாதாரண நுண்ணோக்கியில் 40 மடங்குப் பெருக்கத்தில் வைத்து, ஒரு பருத்த குழாயின்மேல் பார்வையை நிறுத்துங்கள். உள்ளே மஞ்சள் துகள்கள் ஒரு திசையில் விரைந்து ஓடும். ஓட்டம் மெல்லத் தளரும், ஒரு கணம் முற்றிலும் நிற்கும், பிறகு எதிர்த்திசையில் தொடங்கி மறுபடி விரையும். ஓரிரு நிமிடத்துக்கு ஒருமுறை இப்படித் திசை மாறிக்கொண்டே இருக்கும். குழாய்ச் சுவர் தாளகதியில் சுருங்கி விரிவதால் உண்டாகும் ஓட்டம் இது. ஓர் ஓட்ஸ் அவலைப் பக்கத்தில் வைத்தபின், அதை நோக்கிப் போகும் கிளையையும் வேறு திசையில் போகும் கிளையையும் மாறி மாறிப் பார்த்து அகலத்தை வரைந்துகொண்டால், சில மணி நேரத்தில் ஒன்று தடிப்பதும் மற்றொன்று மெலிவதும் தெரியும்.

இந்த உயிர் கணக்குப் போடும் இடம் இந்தக் குழாய்கள்தான். அதிக ஓட்டம் உள்ள குழாய் தடிக்கிறது. தடித்த குழாயில் எதிர்ப்புக் குறைவதால் ஓட்டம் இன்னும் கூடுகிறது. ஓட்டம் குறைந்த குழாய் மெலிந்து கடைசியில் மறைகிறது. அட்சுஷி டெரோ, ரியோ கோபயாஷி, டோஷியுகி நாகாகாகி ஆகியோர் 2007-இல் இந்த ஒரே விதியைச் சமன்பாடுகளாக எழுதி, புதிர்வழியில் குறுகிய பாதையைக் காண அதுவே போதும் என்று காட்டினார்கள். குழாய் வலையின் எந்தப் பகுதிக்கும் முழுப் புதிர்வழியின் படம் தெரியாது. தன் வழியே போகும் ஓட்டம் மட்டுமே தெரியும். இதை நேரில் பார்த்துவிட்டுப் புதிர்வழிக்குப் போகிறவர், அங்கே நடப்பதை மாயமாக நினைக்க மாட்டார். அதே சமயம் அற்பமாகவும் நினைக்க மாட்டார்.

முதல் சோதனை: குறுகிய வழி

நாகாகாகி குழுவினர் 2000-ஆம் ஆண்டு 'நேச்சர்' இதழில் வெளியிட்ட புகழ்பெற்ற சோதனையைப் பற்றிப் பரவலான ஒரு தவறான எண்ணம் உண்டு. எலி போல ஒரு முனையில் நுழைந்து தேடித் தேடி மறுமுனையை அடைந்தது என்று பலர் நினைக்கிறார்கள். நடந்தது அதுவன்று. பிளாஸ்மோடியத் துண்டுகளைப் புதிர்வழி எங்கும் வைத்து, அவை ஒன்றாக இணைந்து எல்லா வழிகளையும் நிரப்பிய பின்னரே இரண்டு முனைகளிலும் உணவு வைக்கப்பட்டது. சுமார் 4 மணி நேரத்தில் முட்டுச்சந்துகளிலிருந்து உடல் விலகியது. மேலும் 4 மணி நேரத்தில் இரு உணவுகளையும் இணைக்கும் தடித்த குழாய் குறுகிய வழியில் நிலைத்தது. அங்கே ஓரிடத்தில் 41 மி.மீ., 33 மி.மீ. நீளமுள்ள இரண்டு வழிகளில் ஒன்றையும், இன்னோரிடத்தில் 44 மி.மீ., 45 மி.மீ. வழிகளில் ஒன்றையும் தேர்ந்தெடுக்க வேண்டியிருந்தது. முதல் இணையில் குறுகிய வழிக்கே பெரும் சாய்வு இருந்தது. இரண்டாம் இணையின் 1 மி.மீ. வேறுபாட்டை அது பொருட்படுத்தவில்லை. எனக்கு இந்த இரண்டாவது முடிவுதான் முதலாவதைவிட முக்கியமாகப் படுகிறது. எங்கே வேறுபாடு தெரிவதில்லை என்பதை அறிந்தால்தான் எங்கே தெரிகிறது என்பதற்கு மதிப்பு.

வீட்டில் இதைச் செய்ய, சிக்கலான புதிர்வழியை வெட்டிச் சிரமப்பட வேண்டாம். ஒரு வளையம் போதும். 9 செ.மீ. பெட்ரி தட்டின் அளவுக்கு ஒளிபுகும் பிளாஸ்டிக் தாளை வட்டமாக வெட்டி, அதன் நடுவில் 6 செ.மீ. விட்டமுள்ள துளையிட்டு அகரின்மேல் படியவைக்க வேண்டும். துளையின் மையத்தில் 4.5 செ.மீ. விட்டமுள்ள இன்னொரு பிளாஸ்டிக் வட்டத்தை வைத்தால், இரண்டுக்கும் நடுவே முக்கால் சென்டிமீட்டர் அகலத்தில் வளையப் பாதை கிடைக்கும். காய்ந்த பிளாஸ்டிக் பரப்பில் ஊர்வதை இந்த உயிர் தவிர்ப்பதால், சுவர் எழுப்பத் தேவையில்லை. மூடியில் கோத்த நீர் சொட்டிப் பிளாஸ்டிக்கை நனைக்காமல் பார்த்துக்கொண்டால் போதும். பாதையின் நடுக்கோட்டுச் சுற்றளவு சுமார் 16.5 செ.மீ. இருக்கும். சளிப்பூஞ்சை படர்ந்த அகர்த் துண்டுகளை வளையத்தில் ஐந்தாறு இடங்களில் வைத்து, ஓர் இரவு விட்டால் அவை ஒன்றோடொன்று கலந்து வளையம் முழுவதையும் நிரப்பும்.

மறுநாள் இரண்டு உணவுகளை, ஒரு பக்கம் 5.5 செ.மீ., மறுபக்கம் 11 செ.மீ. இருக்குமாறு வளையத்தில் வையுங்கள். பொடித்த ஓட்ஸ் கலந்த அகர்க் கட்டிகள் இரண்டும் ஒரே அளவாக அமையும் என்பதால் அவலைவிட மேலானவை. அதே நேரத்தில் இன்னும் இரண்டு தட்டுகளையும் தயாராக்குங்கள். ஒன்றில் உணவுகளை ஏறத்தாழ எதிரெதிரே, இரு பக்கமும் சமமாக வையுங்கள். மற்றொன்றில் உணவே இல்லாத வெறும் அகர்க் கட்டிகளை, 5.5, 11 என்ற அதே இடைவெளியில் வையுங்கள். முதல் தட்டில் குறுகிய பக்கத்தில் குழாய் நிலைத்து, இரண்டாவதில் தட்டுக்குத் தட்டு முடிவு மாறி, மூன்றாவதில் ஒழுங்கான இணைப்பு எதுவும் உருவாகாவிட்டால்தான் "உணவுகளுக்கிடையே குறுகிய வழியைத் தேர்ந்தது" என்று எழுத நமக்கு உரிமை உண்டு. ஒரே தட்டை வைத்துக்கொண்டு எதுவும் சொல்ல இயலாது; குறைந்தது பத்துத் தட்டுகளாவது வேண்டும். அவற்றில் குறுகிய பக்கம் சிலவற்றில் சன்னலை நோக்கியும் சிலவற்றில் சுவரை நோக்கியும் இருக்க வேண்டும், ஏனெனில் இந்த உயிர் வெளிச்சத்திலிருந்து, குறிப்பாக நீல ஒளியிலிருந்து, விலகும் இயல்புடையது. படம் எடுப்பதானால் அலைபேசியைத் தாங்கியில் பொருத்தி, அரை மணிக்கு ஒருமுறை சிவப்புக் கண்ணாடித்தாள் சுற்றிய விளக்கை ஒரு நொடி ஏற்றி எடுக்கலாம். இரண்டு வழிகளையும் வைத்துக்கொண்ட தட்டுகளையும் கணக்கில் சேர்க்கத் தவறாதீர்கள். அதுவும் ஒரு விடைதான்.

ஒருமுறை பயன்படுத்திய அகரை மறுபடி பயன்படுத்தவே கூடாது. காரணம் அடுத்த சோதனையில் இருக்கிறது.

இரண்டாம் சோதனை: தடம் என்னும் நினைவு

ஊர்ந்துபோன இடமெல்லாம் இந்த உயிர் ஒளிபுகும் சளிப்படலத்தை விட்டுச் செல்கிறது. கிறிஸ் ரீட், தான்யா லாட்டி, ஆட்ரி டுசூட்டூர், மேடலின் பீக்மன் ஆகியோர் 2012-இல், இந்தப் படலம் உடலுக்கு வெளியே வைத்த நினைவாகச் செயல்படுகிறது என்று காட்டினார்கள். உணவுக்கும் உயிருக்கும் நடுவே, வாய் உயிரை நோக்கித் திறந்த 'ப' வடிவத் தடுப்பை வைத்தார்கள். உணவின் ஈர்ப்பை மட்டும் பின்பற்றினால் தடுப்புக்குள் சென்று மாட்டிக்கொள்ளவே வேண்டும். தூய அகரில் வைத்தவற்றில் 96 விழுக்காடு தப்பி உணவை அடைந்தன. தட்டு முழுவதும் முன்பே சளி பூசப்பட்டிருந்தபோது 33 விழுக்காடே அடைந்தன. எங்கும் தடம் இருந்தால், தான் போன இடம் எது, போகாத இடம் எது என்று பிரிக்க வழியில்லாமல் போகிறது.

இதே அமைப்பைக் காய்ந்த பிளாஸ்டிக் துண்டுகளால் அமைக்கலாம். உணவுக் கட்டியை ஒரு நாள் முன்னதாகவே வைத்துவிட்டால், அதன் சத்து அகரில் பரவி ஈர்ப்பு உருவாகியிருக்கும். சளி பூசிய தட்டுக்கு, வேறொரு பிளாஸ்மோடியத்தைத் தட்டு முழுவதும் ஒரு நாள் ஊரவிட்டு, உணவு வைக்கும் முன் மெல்லிய கத்தியால் வழித்தெடுக்க வேண்டும். ஒரு நுணுக்கம் இங்கே உண்டு. வழித்தெடுக்கும்போது அகரின் பரப்பு கீறப்பட்டால், அந்தக் கீறலே நகர்வைத் தடுத்திருக்கலாம் என்ற ஐயம் எழும். எனவே சளியில்லாத தட்டையும் அதேபோல் கத்தியால் வழித்துவிடுவது நேர்மையான ஒப்பீடு. கடையில் புதிதாக வாங்கிய தட்டும் பயன்படுத்திய தட்டும் என்று ஒப்பிட்டால் ஈரப்பத வேறுபாடும் கலந்துவிடும். இரண்டையும் ஒரே நாளில் ஊற்றி, ஒரே இடத்தில் வைத்திருக்க வேண்டும்.

மூன்றாம் சோதனை: பழகிப்போதல்

பிரான்சின் துலூஸ் நகர ஆய்வாளர்கள் 2016-இல் வெளியிட்ட சோதனையில், உணவை அடைய ஓர் அகர்ப் பாலத்தைக் கடக்க வேண்டும். பாலத்தில் கசப்புப் பொருள்களான குயினைனோ காஃபினோ கலந்திருந்தால் முதல் நாள் தயங்கி, மிக மெல்லிய கால் நீட்டி, நெடுநேரம் எடுத்துக் கடந்தது. நாள்தோறும் கடந்து ஆறாம் நாளில் வெறும் பாலத்தைக் கடப்பதுபோலவே கடந்தது. இரண்டு நாள் ஓய்வு கொடுத்தபின் பழைய தயக்கம் திரும்பியது. குயினைனுக்குப் பழகியது காஃபினுக்குப் பழகியிருக்கவில்லை. இந்தக் கடைசிச் செய்திதான் சோதனையின் உயிர்நாடி, ஏனெனில் பசியாலோ களைப்பாலோ உணர்வு மழுங்கியிருந்தால் எல்லாவற்றுக்கும் சேர்த்தே மழுங்கியிருக்கும்.

மாணவர்களோடு செய்யும்போது குயினைன் வேண்டாம், உப்பு போதும். 100 மி.லி. அகருக்கு 0.6 கிராம் உப்புச் சேர்த்து, 1 செ.மீ. அகலமும் 2 செ.மீ. நீளமும் உள்ள பாலங்களாக வெட்டிக்கொள்ளலாம். ஒரு குழு நாள்தோறும் உப்புப் பாலம், ஒரு குழு நாள்தோறும் வெறும் பாலம். ஆறாம் நாள் இரண்டு குழுவுக்கும் உப்புப் பாலம் கொடுத்து, முன்விளிம்பு மறுகரையைத் தொடும் நேரத்தைக் குறிக்க வேண்டும். நேரத்தைக் குறிப்பவருக்கு எந்தத் தட்டு எந்தக் குழு என்று தெரியாதபடி எண்களை மட்டும் ஒட்டிவையுங்கள்; மெதுவாக நகரும் ஓர் உயிரில் "தொட்டுவிட்டது" என்று சொல்லும் கணத்தை நம் விருப்பம் எளிதில் முன்பின் தள்ளிவிடும். பிறகு மூன்றாவதாக, ஆறவைத்த கடுங்காப்பி கலந்த அகர்ப் பாலத்தை இரு குழுவுக்கும் கொடுத்தால், பழக்கம் உப்புக்கு மட்டுமா என்பது தெரியும்.

டேவிட் வோகலும் டுசூட்டூரும் உப்புக்குப் பழகிய ஒன்றையும் பழகாத ஒன்றையும் இணையவிட்டு, சில மணி நேரம் கழித்துப் பிரித்தபோது, பழகாததும் பழகியதைப்போல நடந்ததைக் கண்டார்கள். துண்டுகளை ஒட்டிவைத்து, நடுவே தெளிவான குழாய் உருவாகும் வரை காத்திருந்தால் இதையும் முயலலாம்.

குறிப்பேட்டில் என்ன சொற்களை எழுதுவது என்ற கேள்வி மாணவர்களிடமிருந்து கட்டாயம் வரும். "தேர்ந்தது", "தவிர்த்தது", "பழகியது" என்று தயங்காமல் எழுதலாம். அவை அளக்கக்கூடிய நடத்தைகள். "சிந்தித்தது", "முடிவெடுக்க நினைத்தது" என்று எழுதுவதை நான் ஏற்க மாட்டேன், ஏனெனில் நாம் வைத்த எந்தத் தட்டும் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. 36 ஓட்ஸ் அவல்களை டோக்கியோவைச் சுற்றிய ஊர்களின் இடங்களில் வைத்து, ரயில் பாதையை ஒத்த வலையை இந்த உயிர் பின்னியதை டெரோ குழுவினர் 2010-இல் காட்டியபோதும், செலவு, திறன், ஓரிடத்தில் அறுந்தாலும் தாங்கும் தன்மை ஆகியவற்றை எண்களாக அளந்தே ஒப்பிட்டார்கள். தமிழ்நாட்டு வடிவில் அகரை வெட்டி, சென்னை, விழுப்புரம், திருச்சி, மதுரை, கோவை என்று அவல் வைத்துப் பார்க்க ஆசைப்படுபவர்கள், பார்வைக்கு ஒத்திருக்கிறது என்று நிறுத்தாமல், மொத்தக் குழாய் நீளத்தையாவது நூல் வைத்து அளக்க வேண்டும்.

உறங்க வைப்பது

வேலை முடிந்ததும், வளர்ப்பை ஈர வடிதாளின்மேல் ஊரவிட்டு, உணவை நிறுத்தி, இருட்டில் மூடியைச் சற்றே திறந்து இரண்டு மூன்று நாளில் மெதுவாகக் காயவிட வேண்டும். விரைவில் காய்ந்தால் பொருக்கு உருவாகாமல் செத்துவிடும்; பட்டினியோடு வெளிச்சமும் பட்டால் வித்துப்பைகள் உருவாகிவிடக்கூடும். காய்ந்த தாளைத் துண்டுகளாக வெட்டி உறையிலிட்டு உலர்ந்த, குளிர்ந்த இடத்தில் வைக்கலாம். வேண்டாதவற்றைக் கொதிநீர் ஊற்றி அழித்துவிட்டே குப்பையில் போட வேண்டும். தோட்டத்தில் விடக் கூடாது.

ஒவ்வோர் உறையிலும் தேதியோடு, அந்தத் துண்டு உப்புப் பாலம் கடந்த குழுவிலிருந்து வந்ததா என்பதையும் எழுதுங்கள். உப்புக்குப் பழகும்போது இந்த உயிர் சோடியத்தை உடலுக்குள் எடுத்துக்கொள்கிறது என்றும், ஒரு மாத உறக்கத்துக்குப் பிறகும் அந்தப் பழக்கம் நீடிக்கிறது என்றும் டுசூட்டூரின் குழு 2019-இல் கண்டறிந்தது. பெயரில்லாத உறையிலிருந்து எழுப்பிய உயிரை அடுத்த உப்புச் சோதனையில் சேர்த்தால், அது புதியதா பழகியதா என்று பிரித்துச் சொல்ல வழியிருக்காது.